மூன்றாவது நட்சத்திரம்

சீனி கொஞ்சம் தூக்கலாக இருக்கும், லாயரம்மா. எனக்கு மட்டுமே தேநீர் கலக்கிக் கலக்கி, இன்னொருவருக்கு எவ்வளவு போடுவது என்று கைக்கு மறந்துபோய்விட்டது. உட்காருங்கள். அந்த நாற்காலி ஆடாது. சுகுமாறன்தான் அதற்குக் கால் மாற்றிக் கொடுத்தான்.

வந்த விஷயத்தை வாசலிலேயே சொல்லிவிட்டீர்கள். சன்னாசி செத்த கேஸில் சுகுமாறனுக்கு எதிராக ஆதாரம் போதவில்லை. அடுத்த வாரம் விட்டுவிடுவார்கள். வெளியே வந்த கையோடு பெர்த்தில் இருக்கிற மகள் ரதியிடம் போய்விடுவான். இனிமேல் இந்தத் தோட்டத்துப் பக்கமே திரும்பிப் பார்க்கமாட்டான். “ஆன்ட்டிகிட்ட மறக்காம சொல்லிடுங்கன்னு சொன்னாருலா” என்றீர்கள். நல்ல பிள்ளை. சொல்லாமல் போகிற பழக்கம் அவனுக்குக் கிடையாது.

அப்படியானால் நானும் அவனுக்குச் சொல்லவேண்டியதைச் சொல்லிவிடுவதுதான் முறை. கொஞ்சம் முன்னாலிருந்து வரவேண்டும். அவசரம் இல்லையே? மழை வரும்போல இருக்கிறது. செம்மண் பாதையில் உங்கள் கார் சிக்கிக்கொண்டால் தள்ளுவதற்கு இங்கே ஆள் கிடையாது.

நீங்கள் பார்த்திருப்பீர்கள், இந்த லயத்து வரிசை வீடுகளில் விளக்கு எரிகிற வீடு இது ஒன்றுதான். புக்கிட் கெலாடித் தோட்டத்தில் ரப்பரை வெட்டிவிட்டுச் செம்பனை போட்டார்கள். பிறகு தோட்டத்தைத் துண்டு துண்டாக விற்றார்கள். ஆட்கள் சுவாவுக்கும் சிரம்பானுக்கும் போனார்கள். என் மகன் குணாளன் பாசிர் கூடாங்கில் இருக்கிறான். போனில் குரல் அனுப்புவான், முனியாண்டி கோயில் பக்கம் போனால்தான் அது வந்து சேரும். அதைக் கேட்டு முடித்த பிறகும் போனைக் காதிலேயே வைத்துக்கொண்டிருப்பேன். அந்தப் பக்கம் யாரும் இல்லை என்று தெரியும். இருந்தாலும் காதில் கொஞ்சம் சூடு இருக்கும்.

சுகுமாறன் கோலாலம்பூரிலிருந்து திரும்பிவந்து மேட்டில் இருந்த துரை பங்களாவை வாங்கியபோது எல்லாரும் சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை. அவன் அம்மா லோகேஸ்வரியும் நானும் ஒரே கும்பலில் களை மருந்து அடித்தவர்கள். முதுகில் மருந்துத் தோம்பு, கையில் குழாய், வாயில் துணி. ஒரு நாள் வெயிலில் தாகம் என்று அவள் தப்பான போத்தலை எடுத்துக் குடித்துவிட்டாள். உடனே ஒன்றும் ஆகவில்லை. இரண்டு நாள் நன்றாகத்தான் பேசிக்கொண்டிருந்தாள். அதன் பிறகுதான் மூச்சு அடங்க ஆரம்பித்தது. அந்த மருந்துக்கு மாற்று இல்லை என்று டாக்டர் என் எதிரேதான் சொன்னார். அதற்குப் பிறகு சுகுமாறன் என் வீட்டில்தான் சாப்பிட்டான், பள்ளிக்கூடம் முடிக்கிறவரைக்கும்.

பங்களாவை ஹோட்டல் ஆக்கினான். பன்னிரண்டு அறை. துணி வெளுக்கிற வேலையை எனக்குக் கொடுத்தான். மத்தியானம் ஹோட்டலில் சமையல்காரர் இருந்தும் மேட்டிலிருந்து இறங்கி என்னிடம்தான் சாப்பிட வருவான். ரசத்தை முகர்ந்து பார்த்துவிட்டு, “சின்னம்மா, இன்னிக்கு மெளகு தூக்கிடுச்சே, யாரு மேல கோவம்?” என்பான். யார் மேல் எனக்குக் கோபம். எனக்குக் கோபமே வராது, லாயரம்மா. நீங்களே பார்த்திருக்கிறீர்கள்.

அப்படி ஒரு மத்தியானத்தில்தான் நட்சத்திர விவகாரத்தை எனக்கு விளக்கினான்.

“மூனு ஸ்டார் இருந்தா நம்மள ஹோட்டல்னு மதிப்பான் சின்னம்மா. ரெண்டு ஸ்டார்னா ரோட்டோரச் சாராயக் கடை கணக்குல சேத்துருவான். சாராயக் கடைன்னா கோயில் பக்கத்துல வைக்க விடமாட்டான். அவ்ளோதான்லா விசயம்.”

“பார் லைசென்ஸ் கெடச்சா என்னாப்பா செய்வ?”

“கெடச்ச மறுநாளே கேஎல் கம்பெனிக்காரன் வாங்கிக்கிறேன்னு நிக்கிறான். குடுத்துட்டு ரதிகிட்ட போயிருவேன். பேரனத் தூக்கி வெச்சிக்கிட்டு உக்காந்திருக்க வேண்டியதுதான்.”

“அப்ப நான்?”

“ஒங்களுக்கென்ன, குணாளன் இருக்கான்ல?”

சொல்லிவிட்டு மோர் கேட்டான். ஊற்றினேன்.

நட்சத்திரம் கொடுக்கிறவர்கள் முதல் தடவை வந்தபோது நான் செய்தது சின்னக் காரியம். காயாத விரிப்பாகப் பார்த்து எட்டு அறையில் போட்டேன். ஈரத் துணியை மெத்தையில் விரித்துக் கதவைச் சாத்தி வைத்தால் மறுநாள் அந்த அறையில் யாராலும் மூச்சுவிட முடியாது. வந்தவர்களில் ஒரு பெண் கைக்குட்டையால் மூக்கைப் பொத்திக்கொண்டாள். மாடியே இல்லாத பங்களாவில் லிஃப்ட் எங்கே என்றும் கேட்டார்கள். அதை வைத்து நாங்கள் ரொம்ப நாள் சிரித்தோம். சுகுமாறன் லிஃப்ட்டால்தான் போயிற்று என்று நினைத்தான். அதை மறுத்துப் பேச நான் யார்.

இரண்டு நட்சத்திரம் வந்தது. அதை எதிர்த்து அவன் உங்களைப் பிடித்து வழக்குப் போட்டான். அதே சமயம் முனியாண்டி கோயில் தலைவர் என்று சன்னாசி லைசென்ஸுக்கு எதிராக மனுப் போட்டார். சன்னாசி என் வீட்டுக்காரருக்குச் சித்தப்பா மகன். வெள்ளிக்கிழமை தவறாமல் சுவாவிலிருந்து மோட்டாரில் வந்து, “அண்ணி, உசுரோட இருக்கீங்களா?” என்று கத்திக்கொண்டே கோயில் பூட்டைத் திறப்பார். முரட்டு ஆள். ஆனாலும் வாரம் ஒரு தடவை நான் உயிரோடு இருக்கிறேனா என்று கேட்டவர் அவர் ஒருவர்தான்.

வழக்கு நடந்த காலத்தைப் போல் ஒரு காலம் எனக்கு வாழ்க்கையில் இருந்ததில்லை. நான்தான் சாட்சி. கோயிலையும் பங்களாவையும் ஆரம்பத்திலிருந்து பார்த்த ஆள் வேறு யார் மிச்சம்? தேதி வந்தால் சுகுமாறன் காலையிலேயே காரைக் கொண்டுவந்து வாசலில் நிறுத்திவிடுவான். சிரம்பான்வரை பேசிக்கொண்டே போவோம். மத்தியானம் கடையில் நீங்களும் அவனும் நானும் ஒரே மேசையில் சாப்பிடுவோம். மீன் முள்ளை நீங்கள் எனக்கு எடுத்துக் கொடுத்தீர்கள். நினைவிருக்காது உங்களுக்கு.

கோர்ட்டில் நீங்கள் எழுந்து, “இந்தச் சாமிக்கே வாராவாரம் பிராந்தி படைக்கறாங்க. அப்படி இருக்க, பக்கத்துல பிராந்தி வித்தா சாமிக்கு என்ன மனக்கஷ்டம்?” என்று கேட்டீர்கள். கோர்ட்டே சிரித்தது. சன்னாசி மட்டும் சிரிக்கவில்லை.

“சாமி குடிக்கும்ங்க. விக்காது” என்றார்.

நீதிபதி பேனாவைக் கீழே வைத்துவிட்டார். உங்களுக்கும் சிரிப்பு வந்தது, கையால் மறைத்துக்கொண்டீர்கள். திரும்பி வரும்போது காரில் சுகுமாறன் அதையே சொல்லிச் சொல்லிச் சிரித்தான். “எதிராளியா இருந்தாலும் மனுசன் வெளுத்து வாங்கிட்டாரு சின்னம்மா.” நானும் சிரித்தேன். வீட்டுக்கு வந்து கதவைத் திறந்த பிறகும் சிரிப்பு நிற்கவில்லை. அன்றைக்கு விளக்கைக்கூட நான் போடவில்லை.

அப்புறம் என் முறை வந்தது. கோயில் முதலிலிருந்தே இங்கேதான் இருந்ததா என்று கேட்டார்கள். இல்லை, ஒரு காலத்தில் ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருந்தது, பாதை போட்டபோது இங்கே கொண்டுவந்தார்கள் என்று சொன்னேன். அது பொய். அந்தக் கோயில் சூலம் நட்ட இடத்தை விட்டு ஓர் அடி நகர்ந்ததில்லை. அந்த ஒரு பேச்சால் நில அளவைக்காரர்கள் வந்தார்கள். பழைய நில வரைபடத்தைத் தேடினார்கள். கிடைக்கவில்லை. மறுபடி வந்தார்கள். ஒவ்வொரு தடவையும் அவர்களுக்கு இந்த வாசலில்தான் தேநீர். ஒருவர் மலாய்க்காரர், அத்தை என்கிற மாதிரி என்னை ‘மக்சிக்’ என்று கூப்பிடுவார், போகும்போது ரம்புத்தான் பறித்துக் கொடுத்தேன். நான் யாருக்கும் கெடுதல் செய்ததாக நினைக்கவில்லை. வழக்கு என்றால் இழுக்கத்தானே செய்யும்.

பிறகு ஒவ்வொன்றாக முடிய ஆரம்பித்தது. நட்சத்திரம் கொடுக்கிறவர்கள் மறுபடி வந்தபோது எனக்கு முட்டிவலி. சுகுமாறன் துணியை எல்லாம் போர்ட்டிக்சனில் வெளுக்கக் கொடுத்துவிட்டான். எல்லா விரிப்பும் மொடமொடவென்று இருந்தது. மூன்றாவது நட்சத்திரம் வந்துவிட்டது. வாசலில் புதுப் பலகை மாட்டி என்னைக் கூப்பிட்டுக் காட்டினான். “நல்லாருக்குய்யா” என்றேன். நன்றாகத்தான் இருந்தது.

சன்னாசியின் மனு மட்டும்தான் பாக்கி. அதையும் நீங்களே பேசி முடித்துவிட்டீர்கள். வெள்ளிக்கிழமை சுகுமாறன் தன் ஹோட்டல் பாருக்காக வாங்கி வைத்ததிலிருந்து ஒரு போத்தல் கொண்டுவந்து தன் கையாலேயே முனியாண்டிக்குப் படைக்கவேண்டும். சாமி ஏற்றுக்கொண்டால் திங்கட்கிழமை சன்னாசி மனுவைத் திரும்ப வாங்கிக்கொள்வார். உங்களுக்கு அதிலே பெரிய சந்தோஷம். “கோர்ட்ட விட சாமி சீக்கிரம் தீர்ப்பு குடுக்குது ஆன்ட்டி” என்றீர்கள்.

நான் வெள்ளிக்கிழமைக்குள் யோசிக்கவேண்டியிருந்தது.

எங்கள் கோயிலில் படையல் எப்படி நடக்கும் என்று உங்களுக்குத் தெரியாது. நீங்கள் டவுனில் பிறந்தவர். இலையில் கறி, முட்டை, சுருட்டு வைத்து, போத்தலைத் திறந்து கிளாஸில் ஊற்றி வைத்த பிறகு திரை போட்டுவிடுவோம். சாமி சாப்பிடுவதை மனிதர் பார்க்கக்கூடாது. எல்லாரும் முதுகைக் காட்டித் திரும்பி நிற்பார்கள். உடுக்கை மட்டும் அடிக்கும். திரையைப் பிடித்துக்கொண்டு உள்பக்கம் நிற்க ஒரே ஓர் ஆள். பூசாரியாக இருந்தவர் என் வீட்டுக்காரர். அவர் போன பிறகு திரை பிடிக்கிறது நான். திரையை விலக்கியதும் சாமி குடித்த மிச்சத்தைத் தலைவர் குடிப்பார், கடைசிச் சொட்டுவரைக்கும். மற்றவர்கள் திருநீறு மட்டும்தான் எடுத்துக்கொள்ளலாம். கிளாஸில் வேறு யாரும் வாய் வைக்கமாட்டார்கள்.

சுகுமாறன் விற்க ஆசைப்பட்டானே ஒழியக் குடிப்பதில்லை. அதையும் நான் யோசித்தேன். அஜாக்கிரதையாக ஒரு காரியம் செய்கிறவள் இல்லை நான்.

ஹோட்டல் தோட்டச் சாமான் அறைச் சாவி என் கொத்தில்தான் இருக்கும். அந்தக் களை மருந்தின் பழைய டின் ஒன்று அங்கே மூலையில் கிடந்தது. அதிலிருந்து கொஞ்சம் எடுத்துக்கொண்டு டின்னை இருந்த இடத்திலேயே துடைத்து வைத்துவிட்டேன். எடுத்த சாமானை எடுத்த இடத்தில் வைப்பது என் பழக்கம். போலீஸ் பிறகு அதைக் கண்டுபிடித்துச் சுகுமாறன்மேல் சந்தேகப்பட்டது அவர்கள் வேலை. அதற்காக நான் வைக்கவில்லை.

கோப்பையைத் தள்ளி வைத்துவிட்டீர்கள். பரவாயில்லை, ஆறிப்போயிருக்கும். வேண்டுமானால் உங்கள் கண் எதிரே நானே அதைக் குடித்துக் காட்டுகிறேன். உங்களுக்குப் போய் நான் ஏதாவது செய்வேனா? மீன் முள் எடுத்துக் கொடுத்த பிள்ளை நீங்கள்.

எனக்கு என்ன எண்ணம் என்றால், சன்னாசி படுத்துவிட்டால் திங்கட்கிழமைத் தேதி தள்ளிப்போகும். அவ்வளவுதான். உங்களுக்கு டெங்கிக் காய்ச்சல் வந்தபோது மூன்று மாதம் தள்ளிவைத்தார்களே. மூன்று மாதம் என்றால் எத்தனை மத்தியானம் என்று நினைத்துப் பாருங்கள். அப்படித்தான் நினைத்தேன்.

அந்த வெள்ளிக்கிழமை நல்ல வெயில். சுகுமாறன் வேட்டி கட்டிக்கொண்டு வந்திருந்தான். நிறைய நாளுக்குப் பிறகு அவனை வேட்டியில் பார்த்தேன். அவனே மூடியைத் திருகி அவனே ஊற்றினான். எல்லாரும் பார்த்தார்கள். சன்னாசி, “டேய், சாமிக்கு ஊத்துறதுலயும் அளவு பாக்குறியா, இன்னும் ஊத்துறா” என்றார். நிறைய ஊற்றினான். திரையை இழுத்தேன். எல்லாரும் திரும்பிக்கொண்டார்கள். உடுக்கை அடித்தது. மடியில் கொண்டுவந்ததை எடுத்துக் கிளாஸில் கலந்தேன். முனியாண்டி மட்டும் பார்த்துக்கொண்டிருந்தார்.

சன்னாசி ஒரே மடக்கில் குடித்தார். முகத்தைச் சுளித்து, “என்னாடா பிராந்தி இது, த்ரீ ஸ்டார் பிராந்தியா?” என்று கேட்டார். எல்லாரும் சிரித்தார்கள். சுகுமாறன்தான் அதிகம் சிரித்தான்.

அன்றைக்கே வாந்தி எடுத்தார். சிரம்பான் ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். அவர் மகள் பினாங்கிலிருந்து வந்து சேரும்வரை நான்தான் பக்கத்தில் இருந்தேன். மகள் வந்த பிறகும் இருந்தேன். வார்டு கலகலவென்று இருக்கும். பக்கத்துக் கட்டில்காரர்கள், நர்ஸ் பிள்ளைகள், சாப்பாட்டு வண்டி. எல்லாரும் என்னை, “ஆன்ட்டி, சாப்டாச்சா?” என்று கேட்பார்கள். அவர் முதலில் நன்றாகப் பேசினார். அப்படித்தான் இருக்கும் என்று எனக்குத் தெரியும். வாய் புண்ணாகி, “தொண்ட எரியுது அண்ணி” என்பார். பஞ்சில் தண்ணீர் நனைத்து உதட்டில் வைப்பேன். நன்றாகப் பார்த்துக்கொண்டேன், லாயரம்மா. பெற்ற மகள்கூட அப்படிப் பார்க்கவில்லை. நர்ஸே சொன்னாள்.

ஒரு சாயங்காலம் கையைப் பிடித்து இழுத்துச் சொன்னார்: “அண்ணி, நான் மனுவ சும்மா ஒன்னும் வாபஸ் வாங்க ஒத்துக்கல. சுவாவுல என் வூட்டு பக்கத்துல ஒங்களுக்கு ஒரு வூடு கட்டிக் குடுடான்னு அந்தப் பயகிட்ட எழுதி வாங்கியிருக்கேன். ஒங்ககிட்ட சொல்லக் கூடாதுன்னு சொன்னான், சர்ப்ரைஸ் குடுக்கணுமாம்.”

நீங்கள்தான் அதை எழுதியிருப்பீர்கள். ஆமாம் என்று தலையாட்டுகிறீர்கள். எனக்கும் யாராவது சொல்லியிருக்கலாம்.

ஆனால் யோசித்துப் பார்த்தேன். வீடு கட்டிக் கொடுத்துவிட்டால் சுகுமாறன் நிம்மதியாகப் போய்விடுவான். சுவரும் கூரையும் எனக்கு இங்கேயே இருக்கிறதே. சன்னாசி நெற்றியைத் தடவிக் கொடுத்தேன். “நல்ல மனசு ஒங்களுக்கு” என்றேன். அவருக்குக் கண்ணில் தண்ணீர் வந்தது. மறுநாள் மூச்சு போயிற்று.

மனு வாபஸ் ஆகவில்லை. லைசென்ஸ் நின்றது, ஹோட்டலைப் பூட்டினார்கள், கம்பெனிக்காரன் காணாமல் போனான். சுகுமாறனைப் பிடித்துக்கொண்டு போனார்கள். அதை நான் எதிர்பார்க்கவில்லை. உண்மையைச் சொல்லவேண்டும் என்றால், எதிர்பார்க்கவில்லை என்றுதான் ரொம்ப நாள் எனக்குள்ளே சொல்லிக்கொண்டிருந்தேன்.

சிறையில் அவனைப் பார்க்க அனுமதித்த நாள் ஒன்றைக்கூட நான் விடவில்லை. இரண்டு பஸ் மாறிப் போவேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவன், இந்தப் பக்கம் நான். ரிசீவரை எடுத்துப் பேசுவோம். அங்கே அவனுக்கு எழுந்துபோக வேறு வேலை கிடையாது. மணி அடிக்கிறவரை என் முகத்தைப் பார்த்துக்கொண்டுதான் உட்கார்ந்திருப்பான். இளைத்துப்போயிருந்தான். ஒரு நாள், “எல்லாரும் விட்டுட்டாங்க. நீங்க ஒருத்தர்தான் வாறீங்க சின்னம்மா. ஒங்கள விட்டா எனக்கு யாரு இருக்கா?” என்றான். பள்ளிக்கூடத்துப் பையனாக என் வீட்டில் சாப்பிட்ட காலத்தில்கூட அந்த வார்த்தையை அவன் சொன்னதில்லை. பஸ்ஸில் வரும்போது ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். சந்தோஷத்தில் முகம் என்னவோ ஆகியிருந்தது.

எழுந்திருக்காதீர்கள். “ஆன்ட்டி, நிறுத்துங்க. நான் அவரோட லாயர், ஒங்க லாயர் இல்ல. ஒரு வார்த்த பேசாதீங்க” என்று நீங்கள் சொல்வது என் நன்மைக்குத்தான் என்று தெரிகிறது. ஆனால் யோசிக்காமல் பேசவில்லை நான். நீங்கள் வாசலில் பெர்த் என்று சொன்னதிலிருந்து இவ்வளவு நேரமும் அதைத்தான் யோசித்துக்கொண்டிருந்தேன்.

சன்னாசியைக் கொன்றது நான். தேதி தள்ளிப்போகட்டும் என்று மட்டும் நினைத்துச் செய்தேன் என்று கொஞ்சம் முன்னால் சொன்னேன், அதை எழுத வேண்டாம். லோகேஸ்வரியைப் பார்த்தவள் நான். எப்படி முடியும் என்று தெரிந்தேதான் செய்தேன். யார் கேட்டாலும் இதையே சொல்வேன், எங்கே வேண்டுமானாலும் கைநாட்டு வைக்கிறேன். போலீஸைக் கூப்பிடுங்கள். இங்கே சிக்னல் கிடைக்காது. கோயில் பக்கம் போனால் கிடைக்கும்.

ஒன்றே ஒன்று மட்டும் உங்களிடம் கேட்டுக்கொள்ள வேண்டும். கேஸ் என் மேல் திரும்பினால் சுகுமாறன்தானே முதல் சாட்சி? போத்தலைத் திறந்தவன் அவன், ஊற்றியவன் அவன். முதல் சாட்சியைப் பாஸ்போர்ட்டைக் கொடுத்து வெளிநாட்டுக்கு அனுப்பிவிட மாட்டார்கள். தேதி போட்டால் வந்துதான் ஆகவேண்டும். கொலைக் கேஸ் நட்சத்திரக் கேஸ் மாதிரி இல்லை, வருஷக்கணக்கில் ஓடும் என்று நீங்களே ஒரு தடவை சொன்னீர்கள்.

அவன் கோபமாகத்தான் இருப்பான். இருக்கட்டும். என்னோடு பேச வேண்டாம், சின்னம்மா என்று கூப்பிடவும் வேண்டாம். ஆனால் கூண்டில் ஏறியதும், செய்தது யார் என்று காட்டு என்பார்கள். கையை நீட்டுவதற்கு முன்னால் அவன் ஒரு தடவை என்னைப் பார்த்துத்தானே ஆகவேண்டும்.